அவனை நான் பாத்துக்கறேன்

பார்த்துக்கொள்வது என்றால் என்ன. காலையில் கண் விழித்ததிலிருந்து இதே சொல். பல் துலக்கும்போது, என் பெண்சாதி சலேத் வைத்த கஞ்சியைக் குடிக்கும்போது, சைக்கிளை மிதித்துக்கொண்டு ஆற்றுப்பாலத்தைக் கடக்கும்போது, இதோ கோர்ட்டுக் கச்சேரி வராந்தா பெஞ்சில் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும்போதும், பார்த்துக்கொள்வது, பார்த்துக்கொள்கிறேன், அவனை நான் பாத்துக்கறேன். பிள்ளையை விட்டுவிட்டுச் சந்தைக்குக் கிளம்புகிறவளிடம் பக்கத்து வீட்டுக்காரி சொல்கிறாள், போயிட்டு வா, இவனை நான் பாத்துக்கறேன். தோட்டத்துக் கூலி லயனில் எதிர்த்துப் பேசியவனிடம் வேலை வாங்கும் சர்தார் பல்லைக் கடித்துக்கொண்டு சொல்கிறான், இருடா, உன்னை நான் பாத்துக்கறேன். ஓர் எழுத்துக்கூட மாறவில்லை. மாறுவது தொண்டை, மாறுவது கண். தொண்டையையும் கண்ணையும் எந்தப் போலீஸ்காரன் நோட்டுப் புத்தகத்தில் எழுதினான். எழுதியிருப்பது ஒரு வரி. கரும்பு விவசாயி பொன்னுரங்கம் இரண்டு ஞாயிற்றுக்கிழமைக்கு முன்னால் வேலைநிறுத்தக் கூட்டத்தில் எழுந்து நின்று, "எவனாச்சும் கரும்பு வெட்டினா அவனை நான் பாத்துக்கறேன்" என்று பேசினார். பத்து மணிக்கு அவர் வழக்கு. பத்து மணிக்கு நான் எழுந்து நின்று அந்த வரியை இங்கிலீஷில் சொல்ல வேண்டும். இங்கிலீஷில் அதற்கு ஒரே சொல் கிடையாது. இரண்டு இருக்கின்றன. ஒன்று பக்கத்து வீட்டுக்காரி சொன்னது, இன்னொன்று சர்தார் சொன்னது. இரண்டில் ஒன்றை எடுத்து மாஜிஸ்திரேட் துரையின் மேஜைமேல் வைக்க வேண்டும். இருபது வருஷமாக இதுதான் என் வேலை. தமிழிலும் இந்துஸ்தானியிலும் அழுகிறவர்களை, பொய் சொல்கிறவர்களை, கும்பிடுகிறவர்களை இங்கிலீஷில் எடுத்து வைப்பது. துபாஷி அருளப்பன். இந்தப் பிஜித் தீவின் மேற்குக்கரையில் என் பெயரைக் கேட்டால் துபாஷியா என்றுதான் கேட்பார்கள். அம்மா என்னை இடுப்பில் வைத்துக்கொண்டு கப்பலிலிருந்து இறங்கினாளாம். எனக்கு மூன்று வயது. கிரிமிட்டு ஒப்பந்தத்தில் கைநாட்டு வைத்தபோது ஐந்து வருஷம் என்ன வேலை என்று கேட்டாளாம், அங்கே இருந்த துபாஷி, தோட்ட வேலைம்மா, பூ பறிக்கிற மாதிரி, என்றானாம். அந்தத் துபாஷியின் முகம் எப்படி இருக்கும் என்று நான் பல தடவை யோசித்திருக்கிறேன். சாதாரண முகமாகத்தான் இருந்திருக்கும். சவரம் செய்திருப்பான்.

முற்றத்தில் சிப்பாய்கள் நிற்கிறார்கள். நேற்றுவரை பள்ளிக்கூட மைதானத்தில் கூடாரம் போட்டிருந்தவர்கள். இன்று காலை இரண்டு லாரியில் வந்து இறங்கி, கொடிக்கம்பத்திலிருந்து வேலி வரைக்கும் ஒரே வரிசையாக நிற்கிறார்கள். இருபத்திரண்டு பேர். எதற்கு எண்ணினேன் என்று தெரியவில்லை. துப்பாக்கி முனையில் கத்தி செருகியிருக்கிறார்கள். அதில் வெயில் பட்டு வராந்தாக் கூரையில் சின்னச் சின்ன வெளிச்சம் ஆடுகிறது. நாலு வருஷமாக யுத்தம் நடக்கிறது, தலைக்குமேல் விமானம் போய் விமானம் வருகிறது, ஜப்பான்காரன் இந்தத் தீவுக்கு வரவேயில்லை. வந்தால் சுடுவதற்கென்று கொண்டுவந்த துப்பாக்கி இப்போது கரும்பு விவசாயிகளைப் பார்த்து நிற்கிறது. அந்தப் பக்கம், ரோட்டோரத் தூங்குமூஞ்சி மரத்தடியில் அவர்கள். முந்நூறு பேர் இருக்கும், பெண்களும் உண்டு. சத்தமில்லை. எனக்குச் சத்தம் இருந்தால் பயமில்லை. நம் ஜனம் சத்தம் போடாமல் இருந்து நான் பார்த்தது இரண்டே இடத்தில், சாவு வீட்டில் பிணத்தை எடுக்கும் அந்த நிமிஷம், இன்னொன்று இது. இலியேசா என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான். கச்சேரிக் காவலில் எட்டு வருஷமாக இருக்கும் கான்ஸ்டபிள். பிஜிக்காரன். ஆள் கதவு மாதிரி இருப்பான், பேச்சு மட்டும் மெதுவாக வரும். எங்களுக்குள் இந்துஸ்தானிதான். "தம்பிகிட்டருந்து கடிதாசி வந்துச்சா" என்று கேட்டேன். அவன் தம்பி பட்டாளத்தில் சேர்ந்து சாலமோன் தீவுக்குச் சண்டைக்குப் போயிருக்கிறான். "ரெண்டு மாசமா இல்லை" என்றான். புகையிலையைக் கையில் வைத்துக் கசக்கிக்கொண்டே இருந்தான், சுருட்டவில்லை. பிறகு, "அண்ணே, ஒண்ணு கேட்கட்டுமா. என் தம்பி அங்கே சேத்துல படுத்துக் கிடக்கான். உங்க ஆளுங்க இங்கே கரும்பு வெட்டமாட்டேங்கறாங்க. பட்டாளத்துக்கும் வரமாட்டேன்னாங்க. இந்த ஆளை ஜெயிலுக்கு அனுப்பினா எனக்கு ஒண்ணும் வருத்தமில்லை. உங்களுக்கு வருத்தமா" என்றான். கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டான். வெள்ளைக்காரச் சிப்பாய்க்கு ஒரு சம்பளம் எங்களுக்கு ஒரு சம்பளம் என்றார்கள், அதனால்தான் வரவில்லை என்று சொல்லியிருக்கலாம். அரிசி விலையும் துணி விலையும் ஏறிவிட்டது, கம்பெனி கரும்புக்குக் கொடுக்கும் விலை மட்டும் அப்படியே நிற்கிறது என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் அவன், என் தம்பிக்கு என்ன சம்பளம் என்று உங்களுக்குத் தெரியுமா என்று கேட்பான். எனக்குத் தெரியாது. "வருத்தமில்லை" என்றேன். இருபது வருஷப் பழக்கம், யார் என்ன கேட்டாலும் சின்னதாக ஒரு பதில். அவன் கசக்கிய புகையிலையைப் பையில் போட்டுக்கொண்டு எழுந்து போனான்.

அவனுக்குத் தெரியாது, யாருக்கும் தெரியாது, சலேத்துக்குக்கூடச் சொல்லவில்லை, அந்த ஞாயிற்றுக்கிழமை நான் அங்கே இருந்தேன். கூட்டத்துக்குப் போகவில்லை. கோயிலில் பூசை முடிந்து சைக்கிளில் வந்துகொண்டிருந்தேன், சர்க்கரை மில்லுக்குக் கரும்பு கொண்டுபோகும் தண்டவாளத்துக்குப் பக்கத்தில் ஜனம் ரோட்டை அடைத்துக்கொண்டு நின்றது. இறங்கித் தள்ளிக்கொண்டு போய்விடலாம் என்று இறங்கினேன். தள்ளவில்லை. நின்றேன். பொன்னுரங்கம் ஒரு கரும்பு வண்டிமேல் ஏறி நின்றிருந்தார். ஐம்பது வயசு, ஒல்லி, காக்கிச் சட்டைக்குப் பொத்தான் இல்லை. அவர் பேசிப் பழகியவர் இல்லை. வார்த்தை கிடைக்காமல் நடுவில் நடுவில் நின்றுவிடுவார், ஜனம் காத்திருக்கும். அவர் சொன்னது என் காதில் இருக்கிறது. சொல்வதற்கு முன்னால் கூட்டத்தின் இடது பக்கம் திரும்பினார், அங்கே வெட்டுக்குப் போகலாமா என்று யோசித்துக்கொண்டிருந்த நாலைந்து பேர் நின்றிருந்தார்கள், அவர்களை ஒவ்வொருவராகப் பார்த்தார், பிறகுதான் சொன்னார். எவனாச்சும் கரும்பு வெட்டினா அவனை நான் பாத்துக்கறேன். அது பக்கத்து வீட்டுக்காரியின் தொண்டை இல்லை. அதில் ஒருவர்கூடச் சந்தேகப்பட முடியாது. அந்த நாலைந்து பேரும் தரையைப் பார்த்தார்கள். நானும் ஏனோ தரையைப் பார்த்தேன், என்னமோ எனக்கும் ஒரு கரும்புக்கொல்லை இருப்பதுபோல. சைக்கிளைத் திருப்பிக்கொண்டு வந்த வழியே போய், ஆற்றைச் சுற்றி வீடு சேர்ந்தேன். யாராவது பார்த்திருப்பார்களா. நோட்டுப் புத்தகம் வைத்திருந்த போலீஸ்காரன் பார்த்திருப்பானா. பார்த்திருந்தால் இத்தனை நாளில் கேட்டிருப்பான். கேட்காமல் வைத்திருக்கிறானோ. ஆகவே எனக்குத் தெரியும். நோட்டுப் புத்தகத்தில் இல்லாத தொண்டையும் கண்ணும் என்னிடம் இருக்கின்றன. பைபிள்மேல் கை வைத்துச் சத்தியம் செய்த துபாஷி, தெரிந்ததை உள்ளபடி சொல்லக் கடமைப்பட்டவன். உள்ளபடி சொன்னால், யுத்தகாலச் சட்டம், மிரட்டல், கடுங்காவல். உள்ளபடி சொல்லியிருக்கிறேன், ஒரு தடவை. சடையனுக்கு.

வேண்டாம், சடையனை இப்போது நினைக்க வேண்டாம் என்றுதான் காலையிலிருந்து இந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டிருந்தேன். ஆனால் வந்துவிட்டான். பன்னிரண்டு வருஷம் ஆகிறது. அவன் பெண்சாதி குப்பாயி ஆற்றில் கிடந்தாள், நெற்றியில் காயம். போலீஸ் அவனைப் பிடித்துக்கொண்டு வந்து நிறுத்தியது. கறுப்பாக, குட்டையாக, காதில் கடுக்கன் போட்ட ஓட்டை மட்டும் இருக்கும், கடுக்கன் இருக்காது. என்ன நடந்தது என்று கேட்டார்கள். நான் தமிழில் கேட்டேன். அவன் என்னைப் பார்த்துச் சொன்னான், "நாந்தான் சாமி அவளைக் கொன்னுட்டேன்." அவ்வளவுதான். பிறகு தலையில் அடித்துக்கொண்டு அழுதான். நான் இங்கிலீஷில் சொன்னேன். மூன்று சொல். அதைவிடச் சரியாக அதைச் சொல்ல முடியாது, எந்தப் பள்ளிக்கூடத்திலும் முழு மார்க்குக் கொடுப்பார்கள். எழுதிக்கொண்டார்கள். எனக்கு அப்போது இருபத்தாறு வயது, புதுச் சட்டை, கழுத்தில் டை. நம் ஊரில் பிள்ளை காய்ச்சலில் செத்தால் தாய் என்ன சொல்லி அழுகிறாள். நாந்தான்டா உன்னைக் கொன்னுட்டேன், நாந்தான் பாவி கொன்னுட்டேன். என் அம்மா என் தங்கைக்கு அப்படித்தான் அழுதாள், லயனில் எல்லாரும் கேட்டார்கள், யாரும் போலீஸுக்குப் போகவில்லை. அது எனக்குத் தெரியும். தெரிந்தும் அந்த நேரத்தில் தோன்றவில்லை. தோன்றியதோ. தோன்றி, அதை விளக்க ஆரம்பித்தால் துரை கடிகாரத்தைப் பார்ப்பார் என்று விட்டுவிட்டேனோ. இந்த இடத்தில்தான் எப்போதும் வந்து நிற்கிறேன், இதற்கு அந்தப் பக்கம் போக முடிந்ததில்லை. சூவா ஜெயிலில் தூக்கில் போடுவதற்கு ஒரு வாரம் முன்னால், கருணை மனுவுக்குக் கைநாட்டு வாங்க என்னை அனுப்பினார்கள். கம்பிக்கு அந்தப் பக்கத்திலிருந்து கேட்டான், "ஐயா, நான் சொன்னதை அவங்களுக்குச் சரியாச் சொன்னீங்களா." "சொன்னேன்" என்றேன். "அப்பச் சரி" என்றான். அவன் செத்து மூன்று மாதம் கழித்து அவன் பக்கத்து வீட்டுக்காரன் ஒருவன் சந்தையில் சொன்னான், அன்றைக்குக் குப்பாயிக்குக் காய்ச்சலாம், தண்ணீர் கொண்டுவா என்று சடையன்தான் விரட்டி அனுப்பினானாம், ஆற்றங்கரைக் கல்லில் வழுக்கியிருப்பாள் என்றான். இருப்பாள் என்றான். அவனும் பார்த்தவன் இல்லை.

கூப்பிட்டுவிட்டார்கள். தொப்பியைப் பெஞ்சில் வைத்துவிட்டு எழுந்தேன். உள்ளே விசிறி சுற்றுகிறது, காற்று வரவில்லை. கூண்டில் பொன்னுரங்கம், அதே காக்கிச் சட்டை, இப்போது யாரோ பொத்தான் தைத்திருக்கிறார்கள், நூல் வேறு நிறம். பின்னால் நாலைந்து விவசாயிகளை மட்டும் உள்ளே விட்டிருந்தார்கள். மாஜிஸ்திரேட் துரை நல்ல மனிதர். இதை நான் கிண்டலாகச் சொல்லவில்லை. என் மகனுக்குக் கக்குவான் வந்தபோது தன் காரைக் கொடுத்தவர். இந்த வேலைநிறுத்தம் அவருக்குத் தலைவலி, யாரும் சாகாமல் முடிந்தால் போதும் என்று நினைக்கிறவர். போலீஸ்காரன் நோட்டுப் புத்தகத்தில் இருந்ததைத் தமிழிலேயே வாசித்தான். கூட்டத்தில் உன்னைப் பார்த்தேன் என்று என்னைச் சொல்லவில்லை, பார்க்கவேயில்லை போலிருக்கிறது. துரை பேனாவை எடுத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினார். மிஸ்டர் அருளப்பன், அந்தக் கடைசி வாக்கியம். விசிறி ஒரு சுற்று சுற்றியது. பார்த்துக்கொள்வது. நான் சொன்னேன், யாராவது கரும்பு வெட்டினால் அவனை நான் கவனித்துக்கொள்வேன், அவனுக்குத் துணையாக இருப்பேன் என்று பொருள் என்றேன். சொல்லிவிட்டேன். வாயிலிருந்து போனது மிகவும் லேசாகப் போனது, பொய் என்றால் கனக்கும் என்று நினைத்திருந்தேன். துரை நிமிர்ந்து பார்த்தார். துணையாகவா. ஆமாம் யுவர் ஒர்ஷிப், பாதுகாப்பாக. வெட்டுகிறவனையா. ஆமாம். அவர் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது, தலைவலி விட்டவன் முகம். பேனாவை வைத்தார். போலீஸ் இன்ஸ்பெக்டரைப் பார்த்து, உங்கள் ஆள் தலைகீழாகப் புரிந்துகொண்டிருக்கிறான் என்றார். என் நெஞ்சுக்குள் பன்னிரண்டு வருஷமாக உட்கார்ந்திருந்த ஒன்று எழுந்து நகர்ந்த மாதிரி இருந்தது. விட்டுவிடுவார்கள். வீட்டுக்குப் போவார். சலேத்திடம் இன்று ராத்திரி எல்லாவற்றையும் சொல்லலாம், சடையனையும் சேர்த்து. அப்போது துரை சொன்னார், மிஸ்டர் அருளப்பன், இதைவிட நல்ல செய்தி இருக்க முடியாது, இதை இந்த ஆளிடம் தமிழில் சொல்லுங்கள், பிறகு வெளியே போய் ஜனங்களிடமும் சொல்லுங்கள், கரும்பு வெட்டப் போகிறவர்களுக்கு அவர்கள் தலைவரே பாதுகாப்புக் கொடுக்கிறார், நாளைக் காலை தைரியமாக வேலைக்குப் போகலாம் என்று. நான் நின்றேன். துரை, சொல்லுங்கள் என்றார்.

இது எனக்கு ஏன் தோன்றவில்லை. ஒரு பக்கம் மட்டும் பார்த்தேன், கூண்டுக்குள் இருக்கிறவனை வெளியே எடுப்பது, அதற்கு அந்தப் பக்கம் ஒரு ஊரே இருக்கிறது என்று பார்க்கவில்லை. மூன்று மாதமாகக் கரும்பு காய்ந்துகொண்டு நிற்கிறது. பிள்ளைகளுக்கு மரவள்ளிக்கிழங்கு மட்டும் கொடுத்துக்கொண்டு அவர்கள் நிற்கிறார்கள், பொன்னுரங்கம் நிற்கிறார் என்பதற்காக நிற்கிறார்கள். நான் வெளியே போய் இதைச் சொன்னால் நாளைக்கே பாதிப்பேர் வெட்டுக்குப் போவார்கள், மீதிப்பேர் பொன்னுரங்கம் வீட்டு வாசலில் காறித் துப்புவார்கள். மிஸ்டர் அருளப்பன், என்றார் துரை மறுபடியும். என் வாய் பழக்கத்தில் திறந்தது. பொன்னுரங்கத்தைப் பார்க்காமல், அவர் சட்டைப் பொத்தானைப் பார்த்துக்கொண்டு சொன்னேன், "வெட்டுக்குப் போறவங்களை நீங்க காப்பாத்தறதாச் சொன்னதுல துரைக்குச் சந்தோசம். உங்களை விட்டுடறாங்க. வெளியில ஜனங்ககிட்டயும் இதையே சொல்லச் சொல்றாங்க." பின்னால் உட்கார்ந்திருந்த விவசாயிகளிடம் ஒரு அசைவு. பொன்னுரங்கத்துக்கு உடனே புரியவில்லை. வண்டிமேல் நின்று வார்த்தை தேடிய அதே முகம். "நான் அப்படியா சொன்னேன்" என்றார். "துபாஷி ஐயா, நான் என்ன சொன்னேன்னு அவங்ககிட்ட சொன்னீங்க." "பாத்துக்கறேன்னா பாதுகாக்கறேன்னு சொன்னேன்" என்றேன். "வேற மாதிரி சொன்னா உள்ள போட்டுருவாங்க, ஆறு மாசம், ஒரு வருசம். உங்களுக்காகத்தான்." அவர் கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டு குனிந்தார். திட்டுவார் என்று நினைத்தேன். "நீங்க நல்லதுக்குத்தான் செஞ்சிருக்கீங்க, அது தெரியுது" என்றார். "ஆனா நான் சொன்னது அது இல்லை. வெட்டினா அவன் காலை ஒடிப்பேன்னு அர்த்தம் வச்சுத்தான் சொன்னேன். ஒடிச்சிருக்க மாட்டேன், எனக்கே தெரியும், அது வேற விசயம். சொன்னது அதுதான். அதை மாத்தினா வெளியில நிக்கறவன் எவனும் நாளைக்கு என் மூஞ்சியைப் பார்க்கமாட்டான். சொன்னதைச் சொல்லிடுங்க ஐயா." துரை கேட்டார், என்ன சொல்கிறான். இன்ஸ்பெக்டர் என்னைப் பார்த்தார். போலீஸ்காரன் பார்த்தான், அவனுக்குத் தமிழ் தெரியும், அவனுக்கு எல்லாம் தெரியும். ஒடித்திருக்கமாட்டேன் என்ற அந்த நடு வாக்கியத்தை எடுத்துச் சொல்லலாமா, அதை முன்னால் போட்டால், பின்னால் போட்டால். வேண்டாம். எந்த வரிசையில் அவர் சொன்னாரோ அந்த வரிசையில், ஒரு சொல்லைக் கூட்டாமல் குறைக்காமல், காலை ஒடிப்பேன் என்பதையும் ஒடித்திருக்கமாட்டேன் என்பதையும் சொன்னதைச் சொல்லிவிடுங்கள் என்பதையும் சொன்னேன். பிறகு, நான் முதலில் சொன்னது தப்பு யுவர் ஒர்ஷிப், தெரிந்தே சொன்னேன் என்பதையும் சேர்த்துச் சொன்னேன். அது மட்டும்தான் அந்த அறையில் இருபது வருஷத்தில் நான் சொந்தமாகச் சொன்னது. துரை என்னைப் பார்க்காமல் பேனாவை மறுபடியும் எடுத்தார். கோபத்தைவிட அவமானம்தான் அதிகம் தெரிந்தது, அது எனக்குச் சங்கடமாக இருந்தது. ஆறு மாதம் கடுங்காவல் என்றார். என்னிடம், உங்கள் விஷயத்தைப் பிறகு கவனிக்கிறேன் என்றார்.

இலியேசாதான் பொன்னுரங்கத்தைப் பின்வாசல் வழியாகக் கொண்டுபோனான். தோளைப் பிடித்துத் தள்ளவில்லை, பக்கத்தில் நடந்தான். நான் வராந்தாவுக்கு வந்து தூணைப் பிடித்துக்கொண்டு நின்றேன். வெயில் வெள்ளையாக இருந்தது. உள்ளே உட்கார்ந்திருந்த விவசாயிகளை இன்னும் வெளியே விடவில்லை, அதனால் மரத்தடிக்குச் சேதி போகவில்லை. ஆனால் பின்பக்கம் ஜெயில் வண்டி கிளம்பும் சத்தம் கேட்டதும் மொத்தக் கூட்டமும் எழுந்து நின்றது. அப்போது சிப்பாய்களின் கேப்டன் வந்தான். சின்ன வயசுதான், மூக்கு வெயிலில் உரிந்து சிவந்திருந்தது. நீதானே இன்டர்பிரட்டர் என்று ஒரு காகிதத்தைக் கையில் கொடுத்தான். இதை உங்கள் பாஷையில் சத்தமாக மூன்று தடவை வாசி, நடுவில் இரண்டிரண்டு நிமிஷம் விடு, மூன்றாவது தடவைக்குப் பிறகு உன் வேலை முடிந்தது, நீ உள்ளே போய்விடு என்றான். மூன்றாவது தடவைக்குப் பிறகு என்ன என்று நான் கேட்கவில்லை. காகிதத்தில் இருந்தது. நான் படியில் நின்று வாசித்தேன். இது சட்டத்துக்கு விரோதமான கூட்டம், மகாராஜாவின் பெயரால் உத்தரவு, உடனே கலைந்து போக வேண்டும், கலையாவிட்டால் துப்பாக்கிப் பிரயோகம் செய்யப்படும். யாரும் அசையவில்லை. என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள், நான்தான் ஏதோ செய்யப்போகிறவன் மாதிரி. இரண்டு நிமிஷம் எவ்வளவு நீளம். பின்வரிசையில் ஒரு கைக்குழந்தை சிணுங்கியது, யாரோ அதன் வாயில் எதையோ வைத்தார்கள். இரண்டாவது தடவை வாசித்தேன். கேப்டன் சிப்பாய்களிடம் ஏதோ சொன்னான், இருபத்திரண்டு துப்பாக்கியிலும் ஒரே சத்தம், பூட்டு இழுத்து விட்ட சத்தம். சர்க்கரை மில் ஓடாததால் ஊரில் வேறு சத்தமே இல்லை. மூன்றாவது தடவை. தொண்டையைச் செருமினேன். வாசித்து முடித்ததும் உள்ளே போய்விடு என்றான், உள்ளே போனால் அந்தப் பெஞ்சு இருக்கும், அதில் உட்கார்ந்து சத்தத்தைக் கேட்கலாம், சரியாகத்தான் வாசித்தேன் என்று சொல்லிக்கொள்ளலாம். மூன்று தடவை வாசிக்கச் சொன்னானே தவிர எங்கே நின்று வாசிக்க வேண்டும் என்று அவன் சொல்லவில்லை. படியிலிருந்து இறங்கினேன். கால் தானாகப் போயிற்று என்று சொல்லமாட்டேன், ஒவ்வொரு அடியையும் நான்தான் வைத்தேன், ஒவ்வொன்றும் எனக்குத் தெரியும். சிப்பாய்களின் வரிசைக்கு நடுவில் இரண்டு பேர் இடைவெளி விட்டார்கள், ஒருவனுடைய வேர்வை நாற்றம், துப்பாக்கி எண்ணெய் நாற்றம். பின்னால் கேப்டன், ஏய், என்றான். முற்றத்தைத் தாண்டி, ரோட்டைத் தாண்டி, மரத்து நிழலுக்குள் போய், ஜனங்களுக்கு நடுவில் திரும்பி நின்றேன். இங்கிருந்து பார்க்கக் கச்சேரி சின்னதாக இருந்தது. முதுகில் யாரோ ஒருவரின் மூச்சுப் பட்டது.

காகிதத்தைத் தூக்கினேன். பக்கத்தில் ஒரு பெண், கையில் சோற்றுத் தூக்கு, மூடிக்குமேல் துணி கட்டியிருந்தது. "எத்தனை மாசம் சொன்னாங்க" என்று கேட்டாள். அந்தக் கேள்வியில்தான் அவள் பொன்னுரங்கத்தின் பெண்சாதி என்று தெரிந்தது, முன்பின் பார்த்ததில்லை. "ஆறு மாசம்" என்றேன். "கல்லு உடைக்கவா." "ஆமாம்மா." தூக்கை வலது கையிலிருந்து இடது கைக்கு மாற்றிக்கொண்டாள். "அவரு என்ன சொன்னாரு. பேசினது இல்லைன்னாரா." பக்கத்தில் நின்றவர்கள் எல்லாம் என் வாயைப் பார்த்தார்கள். "இல்லைங்கலை" என்றேன். "வெட்டினா காலை ஒடிப்பேன்னுதான் சொன்னேன், அதை அப்படியே எழுதிக்குங்கன்னாரு. நான் மாத்திச் சொன்னேன், விடலை." அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். அது பின்னால் நின்றவர்களுக்கு வாய்க்கு வாய் போவது கேட்டது, மாத்தலையாம், மாத்தலையாம் என்று. முற்றத்தில் கேப்டன் கையைத் தூக்கியிருந்தான், தூக்கிய கையை என்ன செய்வதென்று தெரியாமல் நின்றான், துபாஷி கூட்டத்துக்குள் நிற்கிறான், மூன்றாவது வாசிப்பு இன்னும் நடக்கவில்லை. "அந்தக் காயிதத்துல என்ன போட்டிருக்கு" என்றாள். "கலைஞ்சு போகலைன்னா சுடுவாங்கன்னு." "வெட்டுக்குப் போகணும்னு போட்டிருக்கா." பார்த்தேன். மறுபடியும் பார்த்தேன். "இல்லைம்மா. அது போடலை." "அப்ப வாங்க, வீட்டுக்குப் போகலாம்" என்றாள், சத்தம் போடாமல், பக்கத்திலிருந்தவர்களுக்கு மட்டும் கேட்கிற மாதிரி. அவள் திரும்பி நடந்தாள். அவளுக்கு அடுத்தவர்கள், அவர்களுக்கு அடுத்தவர்கள். ஓடவில்லை யாரும். ரோட்டில் புழுதி கணுக்கால் உயரத்துக்கு எழுந்தது. இரண்டு பக்கமும் வெட்டாத கரும்பு, பூ விட்டு, தலைக்குமேல் உயரமாக. வாங்க என்று அவள் சொன்னதில் நானும் சேர்த்தியா என்று தெரியவில்லை. சைக்கிள் கச்சேரிச் சுவரில் சாய்த்தபடி இருக்கிறது, தொப்பி பெஞ்சிலேயே கிடக்கும். முற்றத்திலிருந்து இன்ஸ்பெக்டரின் குரல் என் பெயரைக் கூப்பிட்டது, மிஸ்டர் இல்லாமல். இன்னும் கொஞ்ச நேரத்தில் வண்டி எடுத்துக்கொண்டு வருவார்கள். வழியில் எங்கேயாவது பிடிப்பார்கள். சலேத்துக்கு யாரிடமாவது சொல்லி அனுப்ப வேண்டும். முன்னால் போகிறவளை நெருங்கி, "அம்மா, அந்தத் தூக்கைக் கொடுங்க, நான் கொண்டுவரேன்" என்றேன். அவள் திரும்பிப் பார்க்காமல் கொடுத்தாள். சோறு இன்னும் சூடாகத்தான் இருந்தது.